தாத்தா சொல்லிவிட்ட பெயர்

என் பெயர் டெசிரே. இதைச் சொன்னதும் எதிரில் இருப்பவர் முகத்தில் ஒரு யோசனை வரும். வேதக்காரங்களா என்று கேட்பார்கள். இல்லை, மாரியம்மனுக்குத் தேங்காய் உடைக்கிற ஆட்கள் என்பேன். அப்படியென்றால் பறங்கியரா என்பார்கள், என் மூஞ்சியைப் பார்த்துக்கொண்டே. தாத்தா காலத்திலிருந்து கண்டி மஹய்யாவையில் இருக்கிறோம், அப்பாவுக்கு மாநகரசபையில் தண்ணீர்க் குழாய்ப் பகுதியில் வேலை. இதற்கு மேல் என்ன சொல்ல வேண்டும்? நான் வேலை செய்வது பல்லேகலையில் ஓர் ஆடைத் தொழிற்சாலையில். அங்கே புதிதாக வருகிற ஒவ்வொருவருக்கும் இந்தக் கதையைச் சொல்லிச் சொல்லி வாய் வலித்துவிட்டது. அதனால் எழுதி வைக்கிறேன். இனிமேல் கேட்பவர்கள் படித்துக்கொள்ளட்டும்.

பிரெஞ்சுக்காரர் பெயர் இது. அங்கிருந்து கப்பலேறி எந்தெந்த நாட்டுக்கோ போய், கடைசியில் கண்டிக்கு வந்து, வெள்ளைக்காரர் வழிவந்த பறங்கியர் வீடுகளில் உட்கார்ந்துகொண்டது. அந்த வீடுகளிலிருந்து எங்கள் வீட்டுக்கு எப்படி வந்தது என்பதுதான் கதை. அர்த்தத்தைக் கடைசியில் சொல்கிறேன். எனக்கும் அது கடைசியில்தான் தெரிந்தது.

நாங்கள் நாலு பெண்கள். மூன்று அக்காமாருக்கும் அம்மன் பெயர். கோயிலில் அர்ச்சனை செய்யும்போது ஐயர் அவர்களுடைய பெயர்களை மணி அடிப்பதுபோல் சொல்லிக்கொண்டே வருவார். என்னிடம் வந்ததும் ஒரு தரம் நின்று, அம்மாவைப் பார்த்து, 'சின்ன மகளுக்கு' என்று முடித்துவிடுவார். நான் யார் என்று அம்மனுக்குத் தெரியுமா என்ற சந்தேகம் ஏழு வயதிலேயே எனக்கு வந்துவிட்டது.

இந்தப் பெயரை வைத்தது அத்தை. அப்பாவின் அக்கா. கட்டிக்கொடுத்த இடத்தில் புருஷன் செத்துப்போய், பிள்ளையும் இல்லாமல், எங்கள் வீட்டுக்கே திரும்பி வந்தவள். சமையலறைக்குப் பக்கத்தில் அவளுக்கு ஒரு பலகைக் கட்டில். அம்பிட்டியவில் ஒரு பறங்கி நோனா வீட்டில் பல வருடம் சமையல் வேலை செய்தாள். நோனா என்றால் துரைசாணி அம்மா; அவர் பியானோ சொல்லிக்கொடுக்கிறவர். எனக்கு இரண்டு வயதாக இருக்கும்போது நோனா வீட்டை விற்றுவிட்டு ஆஸ்திரேலியாவுக்கு மகளிடம் போய்விட்டாராம். நான் அவரைப் பார்த்ததாக ஞாபகம் இல்லை. அதற்குப் பிறகு அத்தை அதே அம்பிட்டியவில் ஒரு விடுதிச் சமையலறைக்குப் போய்வந்தாள்.

வீட்டில் யாரும் என் பெயரை முழுதாகக் கூப்பிட்டதில்லை. அப்பாவுக்கு நான் 'சின்னது'. அம்மாவுக்கு 'ஏய்'. அக்காமாருக்கு 'டிசி'. அத்தை மட்டும் முழுப் பெயரையும் கூப்பிடுவாள். அவளுக்கு முன்பல் ஒன்று இல்லை. நடுவில் வருகிற 'சி' அந்த ஓட்டை வழியாக விசில் அடித்துக்கொண்டு வெளியே வரும். காலையில் பஸ்ஸுக்குப் போகுமுன் ஒரு தரம் கூப்பிடுவாள், பின்னேரம் வந்து வாசலில் செருப்பைக் கழற்றும்போது ஒரு தரம். என்னா என்று போய் நின்றால், 'ஒண்ணுமில்ல புள்ள, சும்மாதான் கூப்ட்டேன்' என்பாள். எனக்கு எரிச்சலாக வரும். வேலைமெனக்கெட்டு வந்து நிற்கிறவளிடம் சும்மாதான் என்றால் யாருக்குத்தான் எரிச்சல் வராது?

இன்னொன்றும் உண்டு. அம்மாவுக்குக் கோபம் வரும்போதெல்லாம், அரிசியில் கல் இருந்தாலும் சரி, கூரை ஒழுகினாலும் சரி, அத்தையின் காதில் விழுகிறமாதிரி ஒன்று சொல்வாள். 'அன்னைக்கு தாத்தா சொல்லிவிட்ட பேர வச்சிருந்தா இந்த வீடு இப்படியா இருக்கும்' என்பாள். பக்கத்து வீட்டு அம்மாவும் ஆமாம் போடுவாள். அத்தை வெற்றிலையை மடித்து வாயில் போட்டுக்கொள்வாள்.

இதையெல்லாம் கேட்டு வளர்ந்த எனக்கு ஒரு விஷயம் உறுதியாகிவிட்டது. தாத்தா, அதாவது அப்பாவின் அப்பா, எனக்கென்று ஒரு நல்ல பெயரைச் சொல்லியிருக்கிறார். கூரை ஒழுகாமல் இருக்கச் செய்யும் அளவுக்கு ராசியான பெயர். அத்தை அதை வைக்கவிடாமல், யாரோ வெள்ளைத்தோல்காரியின் பெயரை என் தலையில் கட்டிவிட்டாள். எனக்குப் பத்து வயதாகும்போது தாத்தா செத்து எட்டு வருடம். என்ன பெயர் என்று அவரிடம் கேட்க முடியாது. மற்றவர்களிடம் கேட்டால், போய்ப் படி என்பார்கள்.

ஐந்தாம் வகுப்பில் இருக்கும்போது எல்லாம் வெடித்தது.

என்னோடு படித்த ஒருத்தியின் மாமாவுக்கு நுவரெலியாவில் உருளைக்கிழங்குத் தோட்டம் இருந்தது. விதைக்கிழங்கு வந்த சாக்கிலிருந்து ஒரு மட்டைத் துண்டை அவள் கொண்டுவந்தாள். ஆங்கிலத்தில் கொட்டை எழுத்தில் என் பெயர். அது ஒரு கிழங்கு வகை என்று இன்றைக்குத் தெரியும், சிவப்புத் தோல், உள்ளே மஞ்சள், ஒல்லாந்து நாட்டில் உண்டாக்கியது. நல்ல கிழங்கு, ருசியானது, நான் ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் பத்து வயதில் உங்கள் பெயரைச் சாக்கில் எழுதியிருக்கப் பார்த்திருக்கிறீர்களா? அந்த மட்டையை ஊசியால் என் சட்டைக்குப் பின்னால் குத்திவிட்டார்கள். முதல் மணியிலிருந்து இடைவேளை வரை அதோடுதான் நடந்திருக்கிறேன். கடைசியில் டீச்சர்தான் கழற்றினார். கழற்றிப் படித்துவிட்டு அவரும் சிரித்தார். சிரிப்பை அடக்கப் பார்த்தார், முடியவில்லை. அன்றையிலிருந்து என் பெயர் கிழங்கு. கிழங்கு வந்துட்டா, கிழங்கு அவிஞ்சிருச்சா, கிழங்கு, தோல உரி.

அதே வாரம் புலமைப்பரிசில் பரீட்சைக்கு அனுப்புகிற பெயர்த்தாளைக் கொடுத்தார்கள். பெயர் சரியா என்று பெற்றோர் பார்த்துக் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டும். நான் தாளைக் குழாயடிச் சுவரில் வைத்து என் பெயரை வெட்டினேன். ஒரு கோடு போதாது என்று மேலும் கீழும் வெட்டினேன். தாள் கிழிந்து பேனா சுவரில் ஓடியது. கிழிந்த தாளை அப்படியே கொண்டுபோய்க் கொடுத்தேன். பள்ளிக்கூட அதிபர் அப்பாவைக் கூப்பிட்டு அனுப்பினார். அப்பா அரை நாள் லீவு போட்டு, வேலைச் சட்டையோடு வந்து, கைகட்டி நின்று, புதுத் தாள் வாங்கிக்கொண்டு போனார்.

பின்னேரம் விசாரணை. அம்மா, அக்காமார், அப்பா எல்லோரும் இருந்தார்கள். அத்தை அப்போதுதான் வந்து செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தாள். ஏன் அப்படிச் செய்தாய் என்று அப்பா கேட்டார். அழுதுகொண்டே சொல்லியிருந்தால் மன்னித்திருப்பார்கள். எனக்கு அழ வராது, இன்றைக்கும் வராது. கத்தத்தான் வரும்.

"எனக்குத் தாத்தா சொல்லிவிட்ட பேருதான் வேணும்," என்று கத்தினேன். "அத்தை யாரு எனக்குப் பேர் வைக்க? தாத்தா சொன்ன பேர வையிங்க."

அப்பா என்னை அறைந்தார். அதுவரைக்கும் கையை ஓங்கினதில்லை, அதற்குப் பிறகும் இல்லை. பெரியக்கா தலையைக் குனிந்துகொண்டாள். அந்தப் பெயரைப் பற்றி நாள் தவறாமல் புலம்புகிற அம்மாகூட எழுந்து அடுப்புப் பக்கம் போய்விட்டாள். நான் கேட்டது நியாயம். என் பெயரைத்தானே கேட்டேன்? அதற்கு ஏன் எல்லோரும் இழவு வீடு மாதிரி ஆனார்கள் என்று எனக்குப் புரியவில்லை.

இரண்டு நாள் நான் பள்ளிக்கூடம் போகவில்லை. சாப்பிடவும் இல்லை, யாராவது பார்த்துக்கொண்டிருக்கும்போது. மூன்றாம் நாள் காலையில் அத்தை வேலைக்குப் போகாமல், வெளியில் உடுத்தும் சேலையைக் கட்டிக்கொண்டு வந்தாள். அப்பா வேலைக்குப் போகும்வரை காத்திருந்தாள்.

"டெசிரே. மூஞ்ச கழுவிட்டு வா. போயி மாத்திட்டு வந்துருவோம்."

பெயர் மாற்றுகிற கந்தோர் டவுனில் இருக்கிறது என்று விடுதிச் சமையலறையில் யாரிடமோ விசாரித்து வைத்திருந்தாள். என் பிறப்புச் சான்றிதழை அம்மாவின் அலுமாரியிலிருந்து எடுத்து பிளாஸ்டிக் பையில் வைத்திருந்தாள். அம்மாவுக்குத் தெரிந்துதான் இருக்கவேண்டும், அலுமாரிச் சாவி அவள் இடுப்பில் அல்லவா இருந்தது. பஸ்ஸில் என்னை ஜன்னலோரம் உட்காரவைத்து, பிடித்த பெயர் ஒன்றை யோசித்து வைத்துக்கொள் என்றாள். அக்காமார் மாதிரி அம்மன் பெயர் என்றாலும் சரி, டிவியில் வருகிற பெயர் என்றாலும் சரி. எனக்கு யோசிக்கத் தேவையில்லை, தாத்தா சொன்ன பெயர்தான் என்றேன். அத்தை என்னைத் தாண்டி ஜன்னலுக்கு வெளியே பார்க்க ஆரம்பித்தாள்.

கந்தோரில் உட்கார நீள வாங்கு. எங்களுக்கு முன்னால் பத்துப் பன்னிரண்டு பேர். எங்கள் முறை வந்தபோது, மேசைக்குப் பின்னால் தமிழ் பேசுகிற கிளாக்கர் இருந்தார், யாழ்ப்பாணத்துக்காரர். பக்கத்து மேசையில் சின்ன வயதுச் சிங்கள நங்கி ஒருத்தி. அத்தை விஷயத்தைச் சொன்னாள். தாய் தகப்பன் வராமல் செய்யேலாது என்றார் கிளாக்கர். நான் தகப்பனுக்கு அக்கா, நான்தான் இந்தப் பேரையே பதிஞ்சது, நானே மாத்திக்குடுக்கிறேன் என்றாள் அத்தை, கடையில் வாங்கின சாமானைத் திருப்பிக் கொடுக்கிற மாதிரி. அவர் சிரித்துக்கொண்டு அடையாள அட்டையைக் கேட்டார். அத்தை சுருக்குப் பையிலிருந்து எடுத்துக் கொடுத்தாள்.

கிளாக்கர் அதை வாய்விட்டுப் படித்தார்.

"போதும்பொண்ணு."

அத்தைக்கு ஒரு பெயர் இருக்கும் என்று நான் அதுவரை நினைத்துப் பார்த்ததே இல்லை. அப்பாவுக்கு அவள் அக்கா. அம்மாவுக்கு மதினி. ஊருக்கெல்லாம் அத்தை. கிளாக்கர் அட்டையைத் திருப்பிப் பார்த்தார். அது என்ன பெயர் என்று பக்கத்து மேசை நங்கி சிங்களத்தில் கேட்டாள். அவர் சொன்னார். அவள் வாயைக் கையால் பொத்திக்கொண்டு சிரித்தாள். மனசு கெட்டுச் சிரித்ததில்லை, ஆனாலும் சிரித்தாள். வாங்கில் இருந்த இரண்டு பேரும் திரும்பிப் பார்த்தார்கள். எனக்குக் காது சுட்டது.

"எங்கட பக்கமும் முந்தி உப்பிடி வைக்கிறவை," என்றார் கிளாக்கர், சமாதானம் செய்வதுபோல். "பொம்பிளைப் பிள்ளை போதும் எண்டு சாமிக்குச் சொல்லுறது. அடுத்தது ஆம்பிளைப் பிள்ளை பிறக்குமெண்டு ஒரு நம்பிக்கை."

"பொறந்துச்சு தம்பி," என்றாள் அத்தை. "இவ அப்பாதான்."

அவர் அட்டையை அத்தையிடம் திரும்பக் கொடுத்தார். பிறகு படிவத்தை எடுத்து, தாய் தகப்பன் கையெழுத்தைப் பிறகு வாங்கலாம், முதலில் எழுதிக்கொள்ளுவம் என்றார். என்ன பெயர் வைக்கப் போகிறீர்கள் என்று என்னைப் பார்த்துக் கேட்டார். நான் தயாராக இருந்தேன். தாத்தா சொல்லிவிட்ட பெயர் என்றேன். நான் பிறந்தப்போ தாத்தா ஒரு பேர் சொல்லி அனுப்பினார், அதை வைக்கவில்லை, அதுதான் வேணும் என்றேன்.

"அது என்ன பேர் பிள்ளை?"

நான் அத்தையைப் பார்த்தேன். அவள் அட்டையைச் சுருக்குப் பைக்குள் வைத்துக்கொண்டிருந்தாள். கயிறு சிக்கிக்கொண்டது. அதை அவிழ்த்தாள், மறுபடி இழுத்தாள்.

"மறந்துபோச்சு," என்றாள். "பத்து வருசமாயிருச்சுல்ல தம்பி."

கிளாக்கர் அத்தையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பேனாவை மூடினார். படிவத்தை எடுத்த இடத்திலேயே திரும்ப வைத்தார். என் பிறப்புச் சான்றிதழை மடிப்புக் கலையாமல் மடித்து, பையில் போட்டு, அத்தையின் கையில் இல்லை, என் கையில் தந்தார்.

"உன்ர பேர் வடிவான பேர்," என்றார். "போய்ப் படி."

அந்த அறையில் இருந்தவர்களில் எனக்கு மட்டும்தான் ஒன்றும் விளங்கவில்லை. எனக்கு விளங்கியதெல்லாம், அத்தை என் பெயரைக் கெடுத்தது போதாதென்று அதை மறந்தும் தொலைத்துவிட்டாள் என்பதுதான். நாலு பிள்ளைகளின் நட்சத்திரமும் பிறந்த நேரமும் அவளுக்குத் தலைகீழாகத் தெரியும். என் பெயர் மட்டும் மறந்துபோச்சாம்.

பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு தேத்தண்ணிக் கடையில் அத்தை எனக்கு ரோல்ஸ் வாங்கித் தந்தாள். உள்ளே உருளைக்கிழங்கு. நான் தட்டைத் தள்ளிவைத்தேன். அப்போது சொன்னதை இப்போது எழுத எனக்குக் கை கூசுகிறது. ஆனாலும் சொன்னேன், எழுதத்தான் வேண்டும்.

"உங்க பேரு அசிங்கமா இருக்குன்னா, என் பேரையும் அசிங்கமாக்கணுமா?"

அத்தை தட்டைத் திரும்ப என் பக்கம் தள்ளினாள். "ஆறுது. தின்னு," என்றாள்.

தின்றேன். பசித்தது.

திங்கட்கிழமை பள்ளிக்கூடம் போனேன். கிழங்கு என்றவளின் கையைக் கடித்தேன். கடித்ததும் அந்தப் பட்டப்பெயர் மறந்துவிட்டது எல்லோருக்கும். பரீட்சையும் எழுதினேன், வெட்டுப்புள்ளிக்குக் கிட்டக்கூடப் போகவில்லை. தாத்தா சொன்ன பெயர் இருந்திருந்தால் பாஸ் பண்ணியிருப்பேன் என்று அதையும் அத்தையின் கணக்கில் போட்டுவைத்தேன்.

அத்தை செத்து இப்போது மூன்று வருடம். முப்பத்தோராம் நாள் சாப்பாட்டுக்கு அம்மாவும் நானும் கிழங்கு உரித்துக்கொண்டிருந்தபோது அம்மா தானாகவே சொன்னாள். வேறு யாரும் பக்கத்தில் இல்லை.

நான் பிறந்த அன்றைக்குத் தாத்தா ஒரு சீட்டில் பெயர் எழுதி அப்பாவிடம் கொடுத்துப் பதியச் சொன்னாராம். மூன்று பெண்ணுக்குப் பிறகு நாலாவதும் பெண். அவருடைய வீட்டில் ஒரு தரம் வைத்துப் பலித்த பெயர். அதையே எழுதிக் கொடுத்திருக்கிறார். அப்பாவுக்கு மறுத்துப் பேச வாய் இல்லை, போய்ப் பதியவும் கால் வரவில்லை. எங்கேயோ குழாய் வெடித்துவிட்டது என்று சொல்லிச் சீட்டை அத்தையின் கையில் கொடுத்துவிட்டு நழுவப் பார்த்தார். அத்தைக்குப் படிக்கத் தெரியாது. என்ன எழுதியிருக்கிறது என்று தம்பியிடம் கேட்டாள். அவர் தன் அக்காவின் முகத்தைப் பார்த்து அந்தப் பெயரைச் சொல்லவேண்டியிருந்தது. சொன்னாராம்.

அத்தை பதிகிற இடத்துக்குப் போகவில்லை. நேரே அம்பிட்டியவுக்கு நோனாவிடம் போனாள். ஒரு பெயர் எழுதித் தாங்க என்றாள். என்ன மாதிரிப் பெயர் என்று நோனா கேட்டார். இந்தப் புள்ள வேணும்னு கேட்டு வாங்கினதுன்னு அர்த்தம் வரணும் என்றாளாம் அத்தை. நோனா பாட்டு நோட்டின் ஓரத்தைக் கிழித்து எழுதிக் கொடுத்தார். அதைக் கொண்டுபோய்ப் பதிந்தாள். தாத்தாவின் சீட்டில் அத்தை வெற்றிலைக்குச் சுண்ணாம்பு மடித்துக்கொண்டாள். அதற்குப் பிறகு தாத்தா சாகும்வரை அவளோடு ஒரு வார்த்தை பேசவில்லை. எனக்குப் பிறகு தம்பியும் பிறக்கவில்லை. அந்தப் பழியும் அவள் தலையில்.

"இத ஏன் எனக்குச் சொல்லல?" என்று கேட்டேன். என் குரல் சண்டைக்குப் போகிற குரல்.

"அர்த்தத்தச் சொன்னா, தாத்தா சொன்னது என்னா பேருன்னு நீ கேப்பியே," என்றாள் அம்மா. "அதுக்குத்தான் அவங்க கடைசிவரைக்கும் வாயத் தொறக்கல."

அம்மா அழவில்லை, நானும் அழவில்லை. அந்தப் பெயரை வைத்துப் பத்து வருடம் அவளைக் குத்தினாயே என்று அம்மாவிடம் கேட்க வாய் வந்தது. நான் குத்தினது ஞாபகம் வந்தது. கிழங்கை உரித்து முடித்தோம்.

பிறகு போனில் தேடிப் பார்த்தேன். நோனா பொய் சொல்லவில்லை. லத்தீன் மொழியில் இருந்து பிரெஞ்சுக்கு வந்த பெயர். ஆசைப்பட்டுக் கேட்டது, வேண்டிப் பெற்றது என்று பொருள். பிள்ளையில்லாமல் ஏங்கிக் கிடந்து பெற்ற குழந்தைகளுக்கு அந்தக் காலத்துக் கிறிஸ்தவர்கள் வைத்திருக்கிறார்கள். பிரான்சில் ஒரு பட்டு வியாபாரியின் மகளுக்கு இந்தப் பெயர் இருந்தது, அவள் சுவீடன் நாட்டுக்கு ராணியானாள். ராணி பெயரைத்தான் பிறகு கிழங்குக்கு வைத்தார்களா என்று எனக்குத் தெரியாது. இப்போது அங்கே யாரும் பிள்ளைக்கு இதை அதிகம் வைப்பதில்லை, கிழவிகள் பெயராம். இருக்கட்டும்.

காலையில் பஸ்ஸுக்குப் போகுமுன் ஒரு தரம். பின்னேரம் வாசலில் செருப்பைக் கழற்றும்போது ஒரு தரம். பல் போன ஓட்டை வழியாகக் காற்றோடு அந்தப் பெயர் வரும். வேணும்னு கேட்டு வாங்கின புள்ள, வேணும்னு கேட்டு வாங்கின புள்ள என்று தினமும் என் மூஞ்சிக்கு நேரே ஒருத்தி சொல்லிக்கொண்டிருந்திருக்கிறாள். அவளை ஒருத்தரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. நான் ஒவ்வொரு தரமும் என்னா என்று சிடுசிடுத்துக்கொண்டு போய் நின்றேன்.

ஒண்ணுமில்ல புள்ள, சும்மாதான் கூப்ட்டேன் என்றாள்.